சீர் சுமக்கும் அப்பாக்களும் சொல்லாமல் விடும் மகள்களும்

பொங்கலுக்கு இரண்டு நாள் முன்பு திருச்சி, மதுரை, புதுக்கோட்டை என்று எந்தப் பேருந்து நிலையத்துக்கு வேண்டுமானாலும் போய்ப் பாருங்கள். டவுன் பஸ்ஸின் பின்படிக்கட்டு வழியாக ஒரு கரும்புக் கட்டு ஏறும். அதன் பின்னாலேயே மஞ்சள் கொத்து, புதுப்பானை, வாய் கட்டிய கட்டைப் பை எல்லாம் ஏறும். பைக்குள் பச்சரிசி, வெல்லம், தேங்காய், மாப்பிள்ளைக்கு வேட்டி, மகளுக்குச் சேலை. கடைசியாகத்தான் அந்தப் பெரியவர் ஏறுவார். லக்கேஜுக்குத் தனி டிக்கெட் எடுக்கச் சொல்லி நடத்துநர் ஆரம்பிப்பார். "மக வீட்டுக்குப் பொங்கச் சீர் கொண்டு போறேன் தம்பி" என்று பெரியவர் சொன்னதும் நடத்துநரின் குரல் இறங்கிவிடும். பக்கத்தில் நிற்பவர்கள் தள்ளி நின்று கரும்புக்கு இடம் கொடுப்பார்கள். அந்தப் பயணத்துக்கு ஊரே மரியாதை செய்கிறது.

மகள் வீட்டில் அவர் இருப்பது அரை மணி நேரம். சீரைத் திண்ணையில் இறக்கி வைப்பார், சம்பந்தியிடம் மழை பற்றி நாலு வார்த்தை பேசுவார், காப்பித் தண்ணி குடிப்பார். "இருந்து சாப்பிட்டுட்டுப் போங்கப்பா" என்று மகள் கையைப் பிடிப்பாள். "இருக்கட்டும்மா, பஸ்ஸு போயிரும்." அடுத்த பஸ் எத்தனை மணிக்கு என்பது இருவருக்கும் தெரியும். ஆனாலும் அவர் கிளம்பிவிடுவார்.

பெண்ணைப் பெற்றவர்களின் பாசம் நம் ஊரில் வாய் வார்த்தையாக வருவது குறைவு. அது பொருளாக வரும். கல்யாணம் ஆன ஆண்டில் ஆடிக்கு அழைப்பு, தலைதீபாவளி, தலைப்பொங்கல். அடுத்து வளைகாப்பு, தலைப்பிரசவம், பேரப்பிள்ளைக்கு மொட்டையடித்துக் காது குத்தும்போது தாய்மாமன் சீர். மகள் தலை நரைத்த பிறகும் அண்ணன் வீட்டிலிருந்து பொங்கலுக்குக் கொஞ்சம் பணமாவது மடித்து வரும். கொங்கு நாட்டிலும் செட்டிநாட்டிலும் நெல்லையிலும் முறைகள் மாறும், பெயர்கள் மாறும். பிறந்த வீடு உன்னை மறக்கவில்லை என்று ஆண்டுக்கு ஒரு முறையாவது கொண்டுவந்து சொல்லும் வழக்கம் மட்டும் மாறாது.

இத்தனை சீரிலும் பெரியது எது என்று என்னைக் கேட்டால், தலைப்பிரசவம் என்பேன்.

ஏழாம் மாதமோ ஒன்பதாம் மாதமோ வளையல் அடுக்கி, கலந்த சாதம் கட்டி, மகளை வீட்டுக்கு அழைத்து வருகிறார்கள். அன்றிலிருந்து அந்தத் தாய் இன்னொரு முறை மகளை வளர்க்கத் தொடங்குகிறாள். தமிழகத்தில் பிரசவம் இப்போது ஏறக்குறைய முழுவதும் மருத்துவமனையில்தான். தேசிய குடும்பநலக் கணக்கெடுப்பின்படி 99 விழுக்காட்டுக்கும் மேல். மருத்துவத்தை அரசு எடுத்துக்கொண்டது. மருத்துவமனையிலிருந்து வீட்டுக்கு வந்த பிறகான நாற்பது நாள் மட்டும் இன்னும் அம்மா கையில் இருக்கிறது. அந்த நாற்பது நாளை அருகிலிருந்து பார்த்தவர்களுக்கு அது எவ்வளவு உழைப்பு என்று தெரியும். விடியற்காலையில் அடுப்பில் நொச்சியும் வேப்பிலையும் போட்ட வெந்நீர். கால் நீட்டி உட்கார்ந்து, காலின் மேல் பேரக்குழந்தையைக் குப்புறப் போட்டுக் குளிப்பாட்டும் பாட்டி. மகளின் ஈரத் தலைக்குச் சாம்பிராணிப் புகை. நல்லெண்ணெயில் சிவக்க வதக்கிய பூண்டும் மிளகும் சேர்ந்த பத்தியக் குழம்பு, சுக்கும் திப்பிலியும் ஓமமும் இடித்துக் கிளறிய லேகியம், பால் ஊறப் பால்சுறாப் புட்டு. இரவில் குழந்தை அழுதால் முதலில் எழுபவள் பெற்றவளைப் பெற்றவள்.

அப்பாவுக்கும் இதில் ஒரு பங்கு உண்டு. துவைத்துத் துவைத்து நைந்துபோன அவருடைய பழைய வேட்டிகளை மாதக்கணக்கில் சேர்த்து வைத்திருப்பார்கள். அதைக் கிழித்துத்தான் குழந்தைக்குத் துணி போடுவது. புதுத்துணியின் கஞ்சி பிஞ்சு உடம்பில் உறுத்தும், பழைய வேட்டி உறுத்தாது. அம்மாவின் நூல்சேலை தூளியாகிவிடும். கடையில் டயப்பர் எத்தனை வகை வந்தாலும், தாத்தா வேட்டியைத் தேடும் வீடுகள் இன்றும் இருக்கின்றன. தான் உடுத்தியதையே கிழித்துப் பேரப்பிள்ளைக்குப் போடும் மனிதரிடம் மகள் மேல் பாசமா என்று யாரும் கேட்கத் தேவையில்லை.

இவ்வளவு பாசம் இருந்தும், அந்த மகள் தன் பெரிய துயரத்தை அதே அப்பாவிடம் சொல்லாமல் விடுகிறாளே, ஏன்? இந்தக் கட்டுரையில் நான் கேட்க விரும்புவது இதைத்தான்.

பால்சோறு வேண்டாம் என்று ஓடிய சிறுமி

நற்றிணையில் 110-ஆவது பாட்டு, போதனார் பாடியது. செவிலித்தாய் பேசுகிறாள். சின்ன வயதில் அந்தப் பெண் பொற்கிண்ணத்தில் தேன் கலந்த பால்சோறு கொடுத்தால் உண்ணமாட்டாள். பூச்சுற்றிய கோலை ஓங்கி மிரட்டினால் காற்சிலம்பு ஒலிக்கப் பந்தலைச் சுற்றி ஓடுவாள். நரைத்த செவிலியர் துரத்தித் துரத்தி ஓய்ந்துபோவார்கள். அப்படி ஓடிய சிறுமிக்கு இப்போது கல்யாணமாகிவிட்டது. கணவன் வீட்டில் வறுமை. தந்தை வீட்டின் வளமான சோற்றை அவள் நினைத்துக்கூடப் பார்ப்பதில்லை. ஒருவேளை விட்டு ஒருவேளை உண்டு குடும்பம் நடத்துகிறாள். இந்த அறிவையும் ஒழுக்கத்தையும் எங்கே கற்றாளோ என்று வியக்கிறாள் செவிலி.

சங்கப் பாடல்களில் எனக்கு மிகப் பிடித்தவற்றில் இது ஒன்று. அந்தப் பந்தல் ஓட்டத்தில் எல்லார் வீட்டுப் பெண் குழந்தையும் இருக்கிறாள். ஆனால் பாட்டின் பின்பகுதியைப் படிக்கும்போதெல்லாம் மனம் கனக்கிறது. மகள் பட்டினி கிடக்கிறாள், பெற்றவர்கள் வீட்டில் சோறு நிறைந்து கிடக்கிறது, அவள் கேட்கவில்லை என்பதே அவளுக்குப் பெருமையாகச் சொல்லப்படுகிறது. இரண்டாயிரம் ஆண்டுகளாக இந்தப் பெருமையைத்தான் நம் பெண் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுத்து வந்திருக்கிறோம்.

கலித்தொகையின் 9-ஆம் பாட்டில் இன்னொரு தாய். காதலனோடு போய்விட்ட மகளைத் தேடிக் காட்டுவழியில் வருகிறாள். எதிரே வரும் அந்தணர்கள் அவளைத் தேற்றுகிறார்கள். மலையில் பிறந்தாலும் சந்தனம் பூசுபவருக்குத்தான் பயன், கடலில் பிறந்தாலும் முத்து அணிபவருக்குத்தான் பயன், யாழில் பிறந்தாலும் இசை கேட்பவருக்குத்தான் பயன். உன் மகளும் அப்படித்தான் என்கிறார்கள். அழும் தாய்க்குச் சொன்ன ஆறுதல் என்ற அளவில் அதில் கருணை இருக்கிறது. காலப்போக்கில் அந்த ஆறுதலே சட்டம்போல் ஆகிவிட்டது. "அடுத்த வீட்டுக்குப் போற புள்ள" என்ற பேச்சு தொட்டிலிலேயே தொடங்கிவிடுகிறது. சமையல் கற்றுக்கொள்ளச் சொல்வதற்கும் அதுதான் காரணம், மெதுவாகச் சிரிக்கச் சொல்வதற்கும் அதுதான் காரணம். ஐங்குறுநூற்றில் மகளைப் பிரிந்த தாயின் புலம்பலுக்கென்றே ஒரு தனிப் பத்து இருக்கிறது. பிரிவை இவ்வளவு நுணுக்கமாகப் பாடிய நாம், பிரிந்தவள் திரும்பி வர ஒரு வழி வைப்பதை அந்த அளவுக்கு யோசிக்கவில்லை.

"சும்மாதாம்மா கூப்பிட்டேன்"

கல்யாணமான மகள்கள் அம்மாவுக்குப் போன் செய்யும் நேரம் பெரும்பாலும் பகல் பதினொன்று. கணவர் வேலைக்குப் போயிருப்பார், குழந்தை பள்ளிக்குப் போயிருக்கும், மாமியார் டிவி முன் இருப்பார். "என்னம்மா பண்றீங்க?" "சாப்டியா?" "என்ன கொழம்பு?" பெரும்பாலான நாள் இவ்வளவுதான் பேச்சு. ஆனால் அம்மாவின் காது கேட்பது குழம்பை அல்ல. குரலில் சளி இருக்கிறதா அல்லது அழுதிருக்கிறாளா, பேசும்போதே எதற்குக் குரலைத் தாழ்த்துகிறாள், ஏன் இன்று மூன்றாவது முறை கூப்பிடுகிறாள் என்றெல்லாம் அது கணக்குப் போடும். "என்னடி, ஒரு மாதிரி பேசுற?" "ஒண்ணும் இல்லம்மா, சும்மாதாம்மா கூப்பிட்டேன்." அந்தச் 'சும்மா'வை நம்பும் அம்மா யாரும் இல்லை.

மகள் சொல்லாததற்குக் காரணம் பாசம்தான். அப்பாவுக்குச் சர்க்கரை, பிரஷர். கல்யாணக் கடன் இன்னும் முடியவில்லை. தங்கைக்கு வரன் பார்க்கிறார்கள். நான் வீட்டோடு வந்துவிட்டேன் என்று தெரிந்தால் அவளுக்கு நல்ல இடம் அமையுமா? இப்படி ஒவ்வொன்றாக எண்ணிப் பார்த்து அவள் வாயை மூடிக்கொள்கிறாள். அம்மா தோண்டிக் கேட்காததற்கும் பாசம்தான் காரணம். கேட்டால் சொல்லிவிடுவாள், சொல்லிவிட்டால் ஏதாவது செய்தாக வேண்டும், செய்தால் மகள் வாழ்க்கை உடைந்துவிடுமோ என்ற பயம். இருவரும் ஒருவரை ஒருவர் காப்பாற்றுவதாக நினைத்துக்கொண்டு நாட்களைக் கடத்துகிறார்கள்.

மகள் ஒருநாள் தாங்க முடியாமல் சொல்லியே விடுகிறாள். அப்போது நம் வீடுகளில் வரும் பதிலை எல்லாரும் அறிவோம். "கொஞ்சம் அனுசரிச்சுப் போம்மா. எல்லா வீட்டுலயும் நடக்கறதுதான். ஒரு புள்ள பொறந்தா சரியாயிரும்." சொல்பவர்கள் கல்நெஞ்சக்காரர்கள் அல்ல. கரும்பைத் தலையில் சுமந்து பஸ் ஏறிய அதே அப்பா, நாற்பது நாள் தூங்காமல் பத்தியம் வைத்த அதே அம்மா. தங்கள் மகளுக்கு நல்லது சொல்வதாகவே நம்பிச் சொல்கிறார்கள். அதனால்தான் அந்த வார்த்தைக்கு இவ்வளவு பலம். வேறு யார் சொன்னாலும் மகள் தட்டிவிடுவாள். பெற்றவர்கள் சொன்னால் திரும்பிப் போய்விடுவாள்.

தேசிய குற்ற ஆவணக் காப்பகத்தின் கணக்கில் இந்தியாவில் வரதட்சணைச் சாவுகள் ஆண்டுக்கு 6,000-க்கும் மேல் பதிவாகின்றன. வரதட்சணை தடுப்புச் சட்டம் 1961-லேயே வந்துவிட்டது. குடும்ப வன்முறையிலிருந்து பெண்களைப் பாதுகாக்கும் சட்டம் 2006 அக்டோபரில் நடைமுறைக்கு வந்தது. 181 என்ற எண்ணை எந்த நேரமும் அழைக்கலாம். மாவட்டந்தோறும் 'சகி' ஒருங்கிணைந்த சேவை மையங்கள் இருக்கின்றன. இவை எல்லாம் தேவை. இருந்தாலும் ஒரு பெண் முதலில் தட்டும் கதவு இவற்றில் எதுவும் இல்லை. முதலில் அவள் அழைப்பது அப்பாவின் எண்ணை. அங்கே "எப்ப வேணாலும் கெளம்பி வா, நான் இருக்கேன்" என்ற வார்த்தை கிடைத்த பெண்களில் எத்தனையோ பேர் இன்று உயிரோடு, வேலைக்குப் போய், பிள்ளைகளைப் படிக்க வைத்துக்கொண்டிருக்கிறார்கள். அவர்களைப் பற்றி எந்தச் செய்தியும் வராது.

நம் வழக்கத்தில் ஒன்று உண்டு. மணமான பெண் இறந்துவிட்டால் பிறந்த வீட்டுக் கோடி வந்தாக வேண்டும். பிறந்த வீட்டார் வந்து பார்க்காமல் எடுக்கமாட்டார்கள். சாவில் பிறந்த வீட்டுக்கு இவ்வளவு உரிமை கொடுத்திருக்கிறது இந்தச் சமூகம். உயிரோடு இருக்கும்போது, அவள் முகம் வாடியிருக்கிறது என்று தெரிந்ததும் பஸ் ஏறிப் போய் நிற்கும் உரிமையை ஏன் பெற்றவர்கள் தாமாகவே விட்டுக்கொடுக்கிறார்கள்? சம்பந்தி தப்பாக நினைப்பார் என்பதற்காகவா?

கடந்து வந்த வழி

நம்மிடம் பெண் குழந்தை மீது பாசம் என்றும் ஒரே அளவில் இருந்ததில்லை. 1980-களில் உசிலம்பட்டிப் பகுதியிலிருந்து வந்த பெண் சிசுக்கொலைச் செய்திகள் நாட்டையே உலுக்கின. கள்ளிப்பால் என்ற சொல்லுக்கே வேறு பொருள் வந்துவிட்டது. 1992-ல் சேலத்தில் தொட்டில் குழந்தைத் திட்டம் தொடங்கப்பட்டது. 2001 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் சேலம் மாவட்டத்தில் ஆறு வயதுக்குட்பட்ட 1,000 ஆண் குழந்தைகளுக்கு 851 பெண் குழந்தைகள்தான் இருந்தார்கள். பத்து ஆண்டுகளில் அது 900-ஐத் தாண்டியது. அந்தத் தாய்மார்கள் பெற்ற குழந்தையை வெறுத்தவர்கள் என்று எளிதாகச் சொல்லிவிட முடியாது. "நான் பட்டதை இதுவும் படணுமா?" என்ற கேள்விதான் அந்தப் பகுதிகளில் திரும்பத் திரும்பக் கேட்டது. அந்தப் பயத்துக்குக் காரணமானவற்றில் சீரும் ஒன்று என்பதை நாம் ஒப்புக்கொள்ள வேண்டும். பிறந்ததிலிருந்து சாகும்வரை பெண்ணுக்குச் செய்துகொண்டே இருக்க வேண்டும் என்ற கடமை, இல்லாதவர்களை நசுக்கியது.

அந்த நிலையை மாற்றியதில் படிப்புக்குப் பெரும் பங்கு. மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் பெயரில் 1989-ல் தொடங்கிய திருமண உதவித் திட்டம், பெண் குறிப்பிட்ட வகுப்புவரை படித்திருந்தால்தான் உதவி என்றது. கல்யாணத்துக்காகவாவது பள்ளியில் இருக்கட்டும் என்று பெற்றோர் நினைத்தார்கள். 2022-ல் அதே திட்டம் தாலித் தங்கத்திலிருந்து நகர்ந்து, அரசுப் பள்ளியில் படித்த மாணவிகள் கல்லூரிக்குப் போனால் மாதம் 1,000 ரூபாய் தரும் புதுமைப்பெண் திட்டமாக மாறியது. மகளுக்காக எதைச் சேர்ப்பது என்பதில் தமிழ்நாட்டின் மனம் எந்தத் திசையில் நகர்ந்திருக்கிறது என்பதற்கு இது ஒன்றே போதும். தபால் நிலையங்களில் 'செல்வமகள்' கணக்குக்கு வரிசையில் நிற்கும் அப்பாக்களையும் பார்க்கிறேன். பெண்ணுக்குப் பத்து வயதாகும் முன் தொடங்க வேண்டும், 15 ஆண்டு கட்ட வேண்டும், 18 வயதானபின் படிப்புக்குப் பாதிவரை எடுக்கலாம். கூலிவேலை செய்பவர்கள்கூட மாதம் 500, 1,000 என்று கட்டிவிட்டு, பாஸ்புக்கில் முத்திரை விழுந்ததா என்று பார்த்துவிட்டுத்தான் நகர்கிறார்கள்.

புதுக்கோட்டையில் 1886-ல் பிறந்த முத்துலட்சுமியின் கதையை இங்கே சொல்லியாக வேண்டும். தந்தை நாராயணசாமி ஐயர் மகாராஜா கல்லூரியின் முதல்வர். தாய் சந்திரம்மாள் தேவதாசி மரபில் வந்தவர். பெண் பருவமடைந்தால் பள்ளியை நிறுத்திவிடும் காலம் அது. அந்த வீட்டில் படிப்பு நிற்கவில்லை. வீட்டுக்குள்ளேயே பாடம் தொடர்ந்தது. தேர்வு எழுதினார், எதிர்ப்புக்கு நடுவே ஆண்கள் கல்லூரியில் சேர்ந்தார், 1912-ல் சென்னை மருத்துவக் கல்லூரியிலிருந்து மருத்துவராக வெளியே வந்தார். பின்னாளில் சட்டமன்றத்தின் துணைத் தலைவராக அமர்ந்து தேவதாசி முறை ஒழிப்புக்குப் போராடினார். அடையாறு புற்றுநோய் மருத்துவமனையை உருவாக்கினார். ஊர் பேசியதைக் காதில் வாங்காமல் ஒரு தகப்பன் மகள் முன் புத்தகத்தை விரித்து வைத்ததில் இது தொடங்கியது. இன்று ஏழைக் கர்ப்பிணிகளுக்குத் தமிழக அரசு தரும் மகப்பேறு உதவியும் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி பெயரில்தான் வருகிறது.

நம் காலத்தில் சென்னையின் வைஷாலியைப் பார்க்கிறோம். தம்பி பிரக்ஞானந்தாவை உலகம் கொண்டாடுகிறது. ஆனால் அந்த வீட்டில் சதுரங்கப் பலகைக்கு முதலில் போனவள் அக்காதான். கார்ட்டூனே கதியாக இருந்த மகளை அதிலிருந்து திருப்பப் பெற்றோர் எடுத்த முயற்சி அது. அம்மா நாகலட்சுமி பிள்ளைகளோடு வெளிநாட்டுப் போட்டிகளுக்குக் குக்கரும் மசாலாவும் எடுத்துப் போய் ஹோட்டல் அறையில் சாதமும் ரசமும் வைத்துக் கொடுப்பது ஊரறிந்த செய்தி. வைஷாலி கிராண்ட்மாஸ்டர் ஆன மூன்றாவது இந்தியப் பெண். மகளுக்கும் மகனுக்கும் ஒரே குக்கரில் சோறு, ஒரே அளவு கனவு. அந்த வீட்டை எனக்குப் பிடித்ததற்கு அதுதான் காரணம்.

விடுதலைப் பத்திரம்

இவ்வளவும் சொன்ன பிறகு, சார்பதிவாளர் அலுவலகத்துக்குப் போகாமல் இந்தக் கட்டுரை நகராது. அங்கே அடிக்கடி காணக்கூடிய ஒரு காட்சி. அப்பா காலமாகிவிட்டார். நான்கு பிள்ளைகள் வந்திருக்கிறார்கள். இரண்டு அக்கா தங்கை, இரண்டு அண்ணன் தம்பி. பத்திர எழுத்தர் தயாராக வைத்திருக்கும் தாள்களின் பெயர் விடுதலைப் பத்திரம். குடும்பச் சொத்தில் தமக்குள்ள பாத்தியதையை உடன்பிறந்தவர்களுக்கு விட்டுக்கொடுப்பதாகப் பெண்கள் எழுதிக் கொடுக்கும் ஆவணம். கேமரா முன் உட்காருகிறார்கள், விரல்ரேகை வைக்கிறார்கள், கையெழுத்துப் போடுகிறார்கள். வெளியே வந்ததும் தம்பி ஆளுக்கொரு சேலையும் கொஞ்சம் பணமும் கொடுக்கிறான். எல்லாரும் சேர்ந்து ஹோட்டலில் சாப்பிடுகிறார்கள். சண்டை இல்லை, சத்தம் இல்லை.

அப்படிக் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்த ஓர் அக்காவிடம் ஏன் என்று கேட்டேன். "எனக்கும் தெரியும்மா, சட்டத்துல பங்கு இருக்குன்னு. கேட்டா குடுத்துருவான். ஆனா அப்புறம் நான் எந்த வீட்டுக்குப் போவேன்? பொங்கலுக்கு யாரு வருவா?" என்றார். அவர் அழவில்லை. கணக்குப் பார்த்துத்தான் பேசினார். தாய்வீடு என்று ஒரு வாசல் வேண்டும், அதற்கு விலை தன் பங்கு.

பெண்ணுக்குச் சொத்தில் சம உரிமை வேண்டும் என்று செங்கல்பட்டு சுயமரியாதை மாநாடு தீர்மானம் போட்டது 1929-ல். அது தமிழ்நாட்டில் சட்டமாக 60 ஆண்டு பிடித்தது. கருணாநிதி முதல்வராக இருந்தபோது, 1989-ல், பூர்விகச் சொத்தில் மகனுக்குள்ள அதே உரிமையை மகளுக்கும் பிறப்பிலேயே தரும் திருத்தம் வந்தது. ஆனால் 1989 மார்ச் 25-க்கு முன் கல்யாணமானவர்களுக்கு அது பொருந்தவில்லை. 2005-ல் மத்தியச் சட்டம் அந்தப் பிரிவினையை நீக்கியது. 2005-ல் தந்தை உயிரோடு இருந்திருக்க வேண்டுமா என்ற குழப்பத்தையும் உச்ச நீதிமன்றம் 2020 ஆகஸ்டில் வினீதா சர்மா வழக்கில் தீர்த்துவைத்தது: இருந்திருக்க வேண்டியதில்லை. கல்யாணத்தில் போட்ட நகை, செய்த சீர் எதுவும் இந்தப் பங்குக்கு ஈடாகாது. அப்பா தாமே சம்பாதித்த சொத்தை யாருக்கு வேண்டுமானாலும் எழுதலாம். எழுதாமல் இறந்தால் அதிலும் மகனுக்கு நிகராக மகளுக்குப் பங்கு உண்டு. இது இந்துக் குடும்பங்களுக்கான சட்டம். கிறிஸ்தவர்களுக்கும் இசுலாமியர்களுக்கும் சட்டங்கள் வேறு. மகளிடம் கையெழுத்து வாங்கும் பழக்கம் எல்லார் வீட்டிலும் இருக்கிறது.

"அவளுக்குத்தான் அம்பது பவுன் போட்டாச்சே" என்று அண்ணன்மார் சொல்வதில் ஒரு பகுதி உண்மை இருக்கலாம். அந்த நகை பெரும்பாலும் இரண்டாம் ஆண்டே மாப்பிள்ளையின் கடைக்கோ மாமனார் கடனுக்கோ அடகுக்குப் போய்விடுகிறது. நிலம் அப்படிப் போவதில்லை. அவள் பெயரில் அரை ஏக்கரோ ஓர் அறையோ இருக்கிறது என்று தெரிந்த வீட்டில் அவள்மேல் கை ஓங்குவதற்கு முன் ஒரு கணம் யோசிப்பார்கள். அவளுக்கும் 'போக இடம் இருக்கிறது' என்ற தெம்பு இருக்கும். அப்பாக்களிடம் நான் சொல்ல விரும்புவது இதுதான்: இதை மகளைக் கேட்க விடாதீர்கள். அவள் கேட்டால் ஊர் அவளைப் பேராசைக்காரி என்னும், அண்ணி முகம் திருப்புவாள். நீங்கள் உயிரோடு, தெம்போடு இருக்கும்போது, மகனையும் மகளையும் ஒன்றாக உட்காரவைத்து, அவன் காதுபட, "இது உனக்கு, இது தங்கச்சிக்கு" என்று சொல்லி எழுதிவிடுங்கள். அப்பா எழுதினால் அது பாசம். தங்கை கேட்டால்தான் அது வழக்கு ஆகிறது.

மகள் வீட்டுச் சோறு

கேட்காத வழக்கம் மகள்களோடு நிற்பதில்லை. முதுமையில் அது பெற்றவர்களிடம் வந்து சேர்கிறது. மகனோடு ஒத்துப்போகவில்லை, மருமகளுக்கு முடியவில்லை, அல்லது மகன் வெளிநாட்டில். மகள் கூப்பிடுகிறாள். "எங்க வீட்டுக்கு வந்துருங்கப்பா." அப்பா என்ன சொல்கிறார்? "பொண்ணு குடுத்த வீட்டுல எத்தனை நாளும்மா உக்காந்து சாப்பிடறது? மாப்பிள்ளை என்ன நெனைப்பாரு?" பொங்கல் சீரோடு வந்து, சாப்பிடாமல் கிளம்பிய அதே மனம். மாத்திரை தீர்ந்துபோனதைச் சொல்லமாட்டார். கீழே விழுந்ததைச் சொல்லமாட்டார். "நல்லா இருக்கேம்மா, சும்மாதான் கூப்பிட்டேன்" என்று இப்போது அவர் சொல்வார். நற்றிணைப் பெண் தந்தை சோற்றை நினைக்கவில்லை என்றால், இந்தத் தந்தை மகள் சோற்றைத் தொடமாட்டேன் என்கிறார்.

சட்டம் இதிலும் முந்திக்கொண்டுவிட்டது. கல்யாணமான மகளும் பெற்றோரைப் பராமரிக்கக் கடமைப்பட்டவள் என்று உச்ச நீதிமன்றம் 1987-லேயே சொன்னது. 2007-ல் வந்த பெற்றோர் பராமரிப்புச் சட்டம் மகனையும் மகளையும் ஒன்றாகவே வைக்கிறது. கடமை இருவருக்கும் சமம் என்றால், மகள் வீட்டில் இருப்பது விருந்தாளியாக இருப்பது ஆகாது. பங்கு கொடுத்த அப்பாவுக்கு இது இன்னும் எளிது. அவளுக்கு உரியதை அவளுக்குக் கொடுத்துவிட்டு, அவளிடம் உரிமையோடு "எனக்குக் கண்ணு ஆபரேஷன் பண்ணணும், வந்து கூட்டிட்டுப் போ" என்று சொல்லலாம்.

எங்கள் தெருவில் ஓர் அம்மா இருக்கிறார். எழுபது தாண்டியவர், கணவர் இல்லை. மகளோடு வந்து சேர்ந்த புதிதில் எப்போதும் பையைக் கட்டிலுக்கடியில் தயாராக வைத்திருப்பார். "நாலு நாள் இருந்துட்டுப் போயிருவேன்" என்பார் யார் கேட்டாலும். மாப்பிள்ளை வீட்டில் இருக்கும் நேரம் சாப்பிட வரமாட்டார். சமையலறையில் ஓரமாக உட்கார்ந்து காய் நறுக்கிக்கொண்டே இருப்பார், சும்மா இருந்தால் பாரம் என்று நினைத்துவிடுவார்களோ என்று. மகள் ஒருநாள் பையைப் பிரித்துத் துணிகளை அலமாரியில் அடுக்கிவிட்டாள். அன்றைக்கு இருவருக்கும் பெரிய சண்டை. தெருவுக்கே கேட்டது. "என் கல்யாணத்துக்கு நீ கழட்டிக் குடுத்த வளையலை நான் போட்டுக்கலாம், என் வீட்டுல நீ சோறு திங்கக் கூடாதா?" என்று மகள் கத்தினாள்.

போன மாதம் அந்த அம்மாவை இ-சேவை மையத்தில் பார்த்தேன். மகளோடு வந்திருந்தார். ஊரில் இருந்த ரேஷன் கார்டிலிருந்து பெயரை எடுத்து மகள் கார்டில் சேர்க்க விண்ணப்பம். ஆதாரில் முகவரியும் மாற்ற வேண்டும். கணினி முன் இருந்த பெண் "உங்களுக்கு இவங்க என்ன வேணும்?" என்று கேட்டதும், மகள் வாய் திறப்பதற்குள் அந்த அம்மாவே சத்தமாகச் சொன்னார்: "எம்மக. இனிமே அவ வீடுதான் எனக்கும். அதையே எழுதும்மா."